நந்தன் போன பாதை... கிந்தன் ஏறிய ரயில்!

வைத்தீஸ்வரன்கோவிலிலிருந்து மேற்கே மூன்று கிலோமீட்டர் போனால் திருப்புன்கூர். இரண்டு பக்கமும் வயல், நடுவில் ஒடுங்கலான சாலை. ஊருக்குள் நுழைந்ததும் சிவலோகநாதர் கோயில். உள்ளே போகிறவர்கள் ஒரு விஷயத்தைக் கவனிக்காமல் திரும்ப முடியாது. மற்ற சிவன் கோயில்களில் சுவாமிக்கு நேர் எதிரே உட்கார்ந்திருக்கும் நந்தி, இங்கே கொஞ்சம் விலகி உட்கார்ந்திருக்கிறது.

"ஏன் பாட்டி நந்தி ஓரமா இருக்கு?" என்று கேட்காத பேரப்பிள்ளை இருக்க முடியாது. "நந்தனார் வெளியில நின்னு எட்டி எட்டிப் பார்த்தார்டா. மாடு மறைச்சுது. சாமி அதைத் தள்ளிப்போன்னுட்டார்" என்று சொல்லாத பாட்டியும் இருக்க முடியாது.

நல்ல கதைதான். ஆனால், அடுத்த கேள்வியைக் கேட்கிற குழந்தை பாட்டியைக் கொஞ்சம் திணறடித்துவிடும். "நந்தியைத் தள்ளினதுக்கு பதிலா, நந்தனாரையே உள்ளே கூப்பிட்டிருக்கலாமே?"

கிட்டத்தட்ட இதே கேள்வியைத்தான் எழுபத்தைந்து ஆண்டுகளுக்கு முன்னால் மூன்று பேர் சேர்ந்து தமிழ்நாட்டைக் கேட்டார்கள். கோபமாகக் கேட்கவில்லை. ஜால்ராவும் மிருதங்கமுமாகப் பாடி, வயிறு வலிக்கச் சிரிக்க வைத்துக் கேட்டார்கள். ஒருவர் நாகர்கோவில் ஒழுகினசேரியில் பிறந்தவர். ஒருவர் காவிரிக்கும் கொள்ளிடத்துக்கும் நடுவே இருக்கும் ஸ்ரீரங்கத்துப் பெண். மூன்றாமவர் உடுமலைப்பேட்டைப் பக்கத்துப் பூளவாடிக் கவிராயர். கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன், டி.ஏ.மதுரம், உடுமலை நாராயணகவி. நகைச்சுவையும் பாட்டும் கைகோத்த அந்தக் கூட்டணியின் பெரிய சாதனைகளில் ஒன்று, டெல்டாவின் நெல் வயலில் விளைந்த ஒரு கதையிலிருந்து வந்தது.

நாற்பது வேலிக் கதை

முதலில் மூலக் கதை. கொள்ளிடக் கரையில் இருந்த ஆதனூரின் புலைப்பாடியில் பிறந்தவர் நந்தன். கோயில் பேரிகைகளுக்குத் தோலும் வாரும், வீணைக்கும் யாழுக்கும் நரம்பும் கொடுப்பது அவரது திருப்பணி என்கிறது சேக்கிழாரின் பெரியபுராணம். யோசித்துப் பாருங்கள். அவர் தந்த தோல் கோயிலுக்குள் முழங்கும். அவர் தந்த நரம்பு சந்நிதியில் இசைக்கும். அவர் மட்டும் வாசலுக்கு வெளியே நிற்க வேண்டும். சிதம்பரம் போக வேண்டும் என்ற ஆசையை 'நாளைக்கு, நாளைக்கு' என்றே தள்ளிப்போட்டதால் அவருக்குத் 'திருநாளைப்போவார்' என்றே பெயர் வந்தது.

இன்று தமிழ்நாட்டில் பலருக்கும் தெரிந்த நந்தன் கதை இதுவல்ல. நமக்குத் தெரிந்த கதையில் ஒரு வேதியர் வருவார். நந்தன் அவரது பண்ணையாள். சிதம்பரம் போக அனுமதி கேட்டால் திட்டுவார், மிரட்டுவார். கடைசியில், 'நாற்பது வேலி நிலத்து வேலையை முடித்துவிட்டுப் போ' என்பார். ஒரே ராத்திரியில் பயிர் விளைந்து அறுவடைக்கு நிற்கும். வேதியர் நந்தன் காலிலேயே விழுவார்.

இந்த வேதியர் பெரியபுராணத்தில் கிடையாது. இவரைப் படைத்தவர் கோபாலகிருஷ்ண பாரதியார். நாகப்பட்டினம் பக்கத்து நரிமணத்தில் பிறந்து, மாயவரத்துக்கு அருகே ஆனந்ததாண்டவபுரத்தில் வாழ்ந்தவர். 19-ம் நூற்றாண்டுத் தஞ்சையின் மிராசுகளையும் பண்ணையாட்களையும் கண்ணெதிரே பார்த்தவர். 'நாற்பது வேலி' என்ற கணக்கே டெல்டாக்காரரின் கணக்கு. ஒரு வேலி என்றால் இருபது மா, அதாவது ஏறக்குறைய ஆறே முக்கால் ஏக்கர். நாற்பது வேலி என்றால் 265 ஏக்கருக்கு மேல். அத்தனை நிலத்தையும் ஒரு பண்ணையாளின் தலையில் கட்டிவிட்டு 'முடித்துவிட்டுப் போ' என்பது எப்படிப்பட்ட அனுமதி என்று அந்த ஊர் ஜனங்களுக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை.

பாரதியார் இதைப் புலவர்களுக்காக எழுதவில்லை, பாடுவதற்காக எழுதினார். கீர்த்தனையோடு நொண்டிச்சிந்து போன்ற ஜன மெட்டுகளையும் சேர்த்தார். அதனாலேயே மாயவரத்தில் இருந்த மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளை இந்த நூலுக்குச் சிறப்புப் பாயிரம் தரத் தயங்கினார். இலக்கணப் பிழைகள் இருக்கின்றன, புராணத்தில் இல்லாத சம்பவமும் இருக்கிறது என்பது அவரது மனக்குறை. பாரதியார் பலமுறை வீட்டுக்கு நடந்தார். ஒருநாள் அங்கேயே திண்ணையில் உட்கார்ந்து பாட ஆரம்பித்துவிட்டார். உள்ளே இருந்து கேட்ட பிள்ளையவர்கள் உருகிப்போய்ப் பாயிரம் தந்தார். பிள்ளையவர்களின் மாணவரான உ.வே.சாமிநாதையர் இந்தச் சம்பவத்தைப் பதிவு செய்திருக்கிறார். 1860-களின் தொடக்கத்தில், காரைக்காலில் இருந்த பிரெஞ்சு அதிகாரி ஒருவரின் ஆர்வத்தால் நூல் அச்சேறியது.

ஒருவர் சொல்ல, இருவர் பாட

நூலைக் கிராமம் கிராமமாகக் கொண்டுபோனது கதாகாலட்சேபம். தஞ்சாவூரை ஆண்ட மராட்டியர்களின் கீர்த்தன் மரபும் தமிழ்க் கதை சொல்லும் மரபும் கலந்து பிறந்த வடிவம் அது. தஞ்சாவூர் கிருஷ்ண பாகவதர் அதற்கு ஓர் ஒழுங்கு கொடுத்தார். அவர் கையில் நந்தன் கதை பெரும் புகழ் பெற்றது.

அந்த மேடை எப்படி இருக்கும்? நடுவில் பாகவதர், கையில் சப்ளாக்கட்டை. பின்னால் பின்பாட்டுக்காரர், பக்கத்தில் மிருதங்கம். ஆட்கள் கூடலாம், குறையலாம். அடிப்படை இந்தக் கச்சேரிக் கூட்டுதான். பாகவதர் கதை சொல்வார், பாடுவார், திடீரென்று வேதியராக மாறி உறுமுவார், நந்தனாகக் குழைவார். ஜனங்கள் தூங்கி வழிகிற நேரம் பார்த்து ஒரு உபகதையை அவிழ்ப்பார். பந்தலே சிரிக்கும். சிரிப்பு அடங்குவதற்குள் அடுத்த கீர்த்தனை ஆரம்பமாகிவிடும்.

ஆக, பாட்டும் சிரிப்பும் கலந்து கதை சொல்வது டெல்டாவுக்குப் புதிதல்ல. அங்கே நடுராத்திரி வரை கண் விழித்து அதைக் கேட்டுப் பழகிய கூட்டம் ஏற்கெனவே இருந்தது. என்.எஸ்.கே. செய்ததெல்லாம், அதே மேடையில் அதே சப்ளாக்கட்டையோடு ஏறி, கதையை மட்டும் மாற்றியதுதான்.

புனாவில் சேர்ந்த ஜோடி

1908 நவம்பர் 29 அன்று பிறந்த கிருஷ்ணனுக்குப் பள்ளிப் படிப்பு அதிகமில்லை. வறுமை அதற்கு இடம் கொடுக்கவில்லை. நாடகக் கொட்டகையில் சோடா விற்றார். வில்லுப்பாட்டில் பாடினார். பிறகு டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் கம்பெனி. படிக்க முடியாமல் போன அந்தச் சிறுவன் பின்னாளில் எந்தக் கதையைத் தேர்ந்தெடுத்தான் என்பது கொஞ்ச நேரத்தில் புரியும்.

'வசந்தசேனா' படப்பிடிப்புக்காகப் புனா போன குழுவில்தான் அவர் மதுரத்தைச் சந்தித்தார். படம் 1936-ல் வெளிவந்தது. இருவரும் வாழ்க்கையிலும் ஜோடியானார்கள். அதன்பிறகு தமிழ்ப் படங்களில் கிருஷ்ணன் - மதுரம் காமெடி என்பது தனிப் பகுதியாகவே ஆனது. கதாநாயகன் கதை ஒரு பக்கம் ஓடும். இவர்களின் குட்டிக் கதை, சொந்த வசனம், சொந்தப் பாட்டோடு இன்னொரு பக்கம் ஓடும். மாயவரத்தில் பிறந்த எம்.கே.தியாகராஜ பாகவதர் பாட, கிருஷ்ணனும் மதுரமும் சிரிக்க வைக்க, 'அம்பிகாபதி', 'சிவகவி', 'ஹரிதாஸ்' என்று வெற்றிகள் குவிந்தன. 'ஹரிதாஸ்' சென்னையில் மூன்று தீபாவளிகளைக் கண்ட படம்.

இவர்களின் பாட்டுகளில் ஒரு விசேஷம் உண்டு. மதுரம் சும்மா தலையாட்டிவிட்டுப் போகும் பெண் அல்ல. கிருஷ்ணன் ஒன்று சொன்னால் அவர் எதிர்க்கேள்வி கேட்பார். பல இடங்களில் ஜெயிப்பதும் அவர்தான். புருஷன் - பெண்டாட்டி சண்டை போலத் தொடங்கி, ஊர் நியாயமாக முடியும். அந்தப் பாட்டுகள் பலவற்றுக்கும் வார்த்தை கொடுத்தவர் உடுமலை நாராயணகவி. நாடகக் கம்பெனிகளுக்குப் பாட்டெழுதி, எந்த மெட்டுக்கு எந்தச் சொல் ஜனங்கள் வாயில் ஒட்டும் என்பதை அனுபவத்தில் கற்றவர்.

சிரிப்பு நின்ற முப்பது மாதங்கள்

1944 நவம்பரில் சென்னையில் பத்திரிகைக்காரர் லட்சுமிகாந்தன் கத்தியால் குத்தப்பட்டு இறந்தார். அந்த வழக்கில் பாகவதரும் கிருஷ்ணனும் கைதானார்கள். 1945-ல் இருவருக்கும் ஆயுள் தண்டனை. உச்சத்தில் இருந்த இரண்டு நட்சத்திரங்கள் ஒரே நாளில் கைதிகளானார்கள்.

கிருஷ்ணன் - மதுரம் ஜோடியைப் பற்றிப் பேசுகிறவர்கள் பெரும்பாலும் கிருஷ்ணனைப் பற்றியே பேசுகிறார்கள். ஆனால், அந்த நாட்களில் கூட்டணியைத் தாங்கிப் பிடித்தது ஸ்ரீரங்கத்து மதுரம்தான். வழக்குச் செலவு ஒரு பக்கம், நம்பியிருந்த நடிகர்களின் பிழைப்பு ஒரு பக்கம். எஸ்.வி.சகஸ்ரநாமம் துணை நிற்க, என்.எஸ்.கே. நாடக சபா தொடர்ந்து நாடகம் போட்டது. அந்த சபாவின் 'பைத்தியக்காரன்' நாடகம் 1947-ல் படமானது. கிருஷ்ணன் - பஞ்சு இயக்கினார்கள்.

மேல்முறையீடு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. வழக்கை மறுபடி விசாரிக்க உத்தரவு வந்தது. 1947 ஏப்ரலில் சென்னை உயர் நீதிமன்றம் இருவரையும் விடுவித்தது. வெளியே வந்த கிருஷ்ணன் 'பைத்தியக்காரன்' படத்திலும் தலைகாட்டினார். பாகவதரின் புகழ் பழைய உயரத்துக்குத் திரும்பவில்லை. கிருஷ்ணன் திரும்பி வந்தார். திரும்பி வர அவருக்கு ஒரு கூட்டம் காத்திருந்தது. அதைக் கலையாமல் வைத்திருந்தது யார் என்பதைச் சொல்லத் தேவையில்லை.

கிந்தன் வந்தான்!

1949-ல் வெளிவந்தது 'நல்லதம்பி'. கதை - வசனம் சி.என்.அண்ணாதுரை. இயக்கம் கிருஷ்ணன் - பஞ்சு. கிருஷ்ணன், மதுரம், பானுமதி, வி.என்.ஜானகி நடித்தார்கள். கிராமத்து அப்பாவி ஒருவனுக்கு ஜமீன் சொத்து வந்து சேர்கிற கதை. ஹாலிவுட்டில் ஃபிராங்க் காப்ரா இயக்கிய 1936-ம் வருடப் படம் ஒன்றின் சாயல் கொண்டது. அந்தப் படத்தில்தான், கிருஷ்ணன் பாகவதராக நின்று செய்யும் 'கிந்தனார் காலட்சேபம்' வருகிறது.

பெயரைக் கேட்டதுமே அந்தக் காலத்துக் கூட்டம் சிரித்திருக்கும். நந்தனார் - கிந்தனார். பட்டு, அங்கவஸ்திரம், பாகவதர் பாணி இழுவை, பின்பாட்டு எல்லாம் பழசு. ஏதோ நந்தனார் கதையைக் கிண்டல் செய்யப்போகிறார் என்றுதான் எவரும் நினைப்பார்கள். திருப்பம் அங்கேதான்.

நந்தனைப் போலவே கிந்தனும் சேரியில் பிறந்தவன். நந்தனைப் போலவே அவனுக்கும் ஓர் ஆசை. ஆனால், அவன் போக விரும்புவது கோயிலுக்கல்ல, பள்ளிக்கூடத்துக்கு. அவனையும் தடுக்கிறார்கள். அவனும் ஊரைவிட்டுக் கிளம்புகிறான். நந்தன் நடந்தான். கிந்தன் ரயில் ஏறுகிறான். பட்டணத்தில் படிக்கிறான். தேர்வில் தேறுகிறான். கல்வித்துறை அதிகாரியாகத் தன் ஊருக்கே திரும்பி வருகிறான்.

இரண்டு கதைகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால், கவிராயரும் கலைவாணரும் எங்கெங்கே கை வைத்தார்கள் என்பது தெரியும். நந்தனுக்கு உதவியது ஒரே இரவில் விளைந்த நெல். கிந்தனுக்கு உதவியது நீராவி எஞ்சின். நந்தன் பொன்னம்பலத்துக்குள் நுழையத் தீயில் இறங்க வேண்டியிருந்தது. கிந்தன் தேர்வு எழுதினால் போதும். நந்தனுக்குக் கடைசியில் இந்த உடம்போடு ஊர் திரும்புகிற வழியே இல்லை. கிந்தன் அதே ஊருக்கு, அதே உடம்போடு, நிமிர்ந்து வருகிறான்.

அந்த ரயில் பாட்டைக் கேட்டவர்கள் மறக்க மாட்டார்கள். சக்கரம் சுற்றுகிற ஓசையையே தாளமாக்கி, வண்டி வேகமெடுக்க மெடுக்கப் பாட்டும் வேகமெடுக்கும். சொல்ல வந்த சேதி ஒன்றே ஒன்றுதான். ரயில் பெட்டிக்குள் எல்லாச் சாதிக்காரர்களும் தோளோடு தோள் இடித்துக்கொண்டுதான் உட்கார வேண்டும். டிக்கெட் கொடுப்பவர் குலம் கேட்பதில்லை. தெருவில் விலகி நடக்கச் சொன்னவர், அங்கே 'கொஞ்சம் நகருங்க' என்றுதான் சொல்ல முடியும்.

இதில் கவனிக்க வேண்டியது, யாரைப் பார்த்துச் சிரிக்க வைத்தார்கள் என்பது. சேரிப் பையன் பள்ளிக்கூடம் போக ஆசைப்படுவதைக் கேலி செய்து சிரிக்க வைப்பது மிகச் சுலபம். அப்படிப்பட்ட நகைச்சுவைக்கு அன்றும் பஞ்சமில்லை, இன்றும் பஞ்சமில்லை. கிந்தனாரில் கிந்தனைப் பார்த்து யாரும் சிரிப்பதில்லை. அவனைத் தடுத்தவர்களைப் பார்த்துத்தான் சிரிக்கிறோம். சிரித்து முடித்த பிறகுதான், அந்தத் தடுத்தவர்களில் தானும் ஒருவனோ என்ற சந்தேகம் கொட்டகையில் உட்கார்ந்திருக்கும் மிராசுதாருக்கு வரும். அதற்குள் அவர் கைதட்டியிருப்பார்.

கடல் தாண்டி ஒரு நால்வர்

மக்களுக்கு நன்றாகத் தெரிந்த கதையை எடுத்து, தெரிந்த பாட்டு பாணியில் புரட்டிப் போட்டுச் சிரிக்க வைக்கும் வித்தை நமக்கு மட்டும் உரியதல்ல. இத்தாலியில் 1954 ஜனவரி 3-ம் தேதி தொலைக்காட்சி ஒளிபரப்பு தொடங்கியது. அந்த நாட்டின் வீட்டுக் கூடங்களைச் சிரிக்க வைத்தவர்களில் 'குவார்தேத்தோ சேத்ரா' என்ற பாட்டுக் குழுவுக்குத் தனி இடம் உண்டு. நான்கு பேர். அதில் விர்ஜிலியோ சவோனாவும் லூச்சியா மன்னுச்சியும் கணவன் - மனைவி. கிருஷ்ணன் - மதுரம் போல!

1964-ல் அவர்கள் செய்த தொடர் ஒன்றில், 'மூன்று மஸ்கட்டியர்கள்', 'மான்ட்டி கிறிஸ்டோ பிரபு', ஹோமரின் 'ஒடிஸி' என உலகக் காவியங்களையும் நாவல்களையும் எடுத்துக்கொண்டு, ஊரறிந்த பாட்டு மெட்டுகளுக்குப் புதிய வார்த்தை போட்டு நடித்தார்கள். நாடே அதைப் பார்த்தது. அங்கே அது வெள்ளித்திரைக்கு அடுத்து வந்த சின்னத்திரையின் சாதனை.

இங்கே அதற்கெல்லாம் வசதி இல்லை. சென்னையில் தொலைக்காட்சி நிலையம் வந்ததே 1975 ஆகஸ்ட் 15-ல்தான். கிருஷ்ணன் 1957-லேயே மறைந்துவிட்டார். மதுரம் 1974-ல் மறைந்தார். மூவரில் கவிராயர் மட்டும் 1981 வரை இருந்தார். டெல்டாவின் கிராமங்களுக்கு அவர்கள் போய்ச் சேர்ந்தது டூரிங் டாக்கீஸ் கொட்டகை வழியாகவும், கல்யாண வீட்டு ஒலிபெருக்கியில் சுழன்ற இசைத்தட்டு வழியாகவும்தான். மணல் குவித்து உட்கார்ந்து படம் பார்த்தவர்களில் பாதிப் பேர் அன்று காலை வயலில் நாற்று நட்டவர்களாக இருந்திருப்பார்கள்.

இத்தாலிய நால்வருக்கும் நம்மூர் மூவருக்கும் பெரிய வித்தியாசம் ஒன்று உண்டு. 'ஒடிஸி'யைக் கிண்டல் செய்தால் யாருக்கும் கோபம் வராது. அந்தக் கதைக்காரர்கள் யாரும் உயிரோடு இல்லை. நந்தன் கதையைத் தொட்டால் அப்படியல்ல. 1949-ல் தஞ்சாவூர் ஜில்லாவில் நந்தனும் இருந்தான், வேதியரும் இருந்தார். பண்ணையாட்கள் என்ற ஏற்பாடு நடைமுறையில் இருந்தது. தஞ்சாவூர் ஜில்லாவுக்கென்றே குத்தகைதாரர், பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்தது 1952-ல். படம் வந்து மூன்று ஆண்டுகள் கழித்து. சட்டம் வந்ததோடு எல்லாம் சரியாகிவிடவில்லை என்பதை 1968 டிசம்பர் 25 இரவில் கீழவெண்மணி சொன்னது. கூலிப் பிரச்னை முற்றிய அந்த ஊரில், ஒரு குடிசைக்குள் 44 பேர் எரிந்துபோனார்கள். நந்தனின் தீ வெறும் புராணமல்ல என்று அன்று டெல்டாவுக்குத் தெரிந்தது.

ஒரு பாட்டும் ஒரு சிரிப்பும் அந்தத் தீயைத் தடுத்துவிடவில்லை. ஆனால், 'நந்தன் ஏன் தீயில் இறங்க வேண்டும்?' என்ற கேள்வியை அந்தச் சிரிப்பு கேட்டுவைத்தது. கும்பகோணத்தில் வளர்ந்த இந்திரா பார்த்தசாரதி பின்னாளில் 'நந்தன் கதை' நாடகத்தில் அதே கேள்வியைச் சிரிப்பே இல்லாமல் கேட்டார்.

நிஜக் கிந்தன்கள்

கிந்தனார் கதையைக் கேட்டவர்கள், 'இதெல்லாம் பாட்டுக்கு நல்லா இருக்கும், நடக்குமா?' என்று கேட்டிருக்கலாம். நடந்திருக்கிறது. அதுவும் படத்துக்கு 33 ஆண்டுகளுக்கு முன்பே, நந்தன் போக ஆசைப்பட்ட அதே சிதம்பரத்தில்.

சுவாமி சகஜானந்தர், ஆரணிப் பக்கம் ஒடுக்கப்பட்ட குடும்பத்தில் பிறந்தவர். சிதம்பரம் வந்து சேர்ந்த அவர், 1916-ல் ஒடுக்கப்பட்ட பிள்ளைகளுக்காக ஒரு பள்ளியைத் தொடங்கினார். அதற்கு அவர் வைத்த பெயர் என்ன தெரியுமா? நந்தனார் பள்ளி. கோயில் வாசலில் நிறுத்தப்பட்டவரின் பெயரை வகுப்பறை வாசலில் எழுதினார். பின்னாளில் சட்டமன்றத்துக்கும் போனார். அங்கே படித்த தலைமுறைகள் ஆசிரியர்களாகவும் அதிகாரிகளாகவும் ஊர் திரும்பின. 1929-ல் அதே ஊரில் அண்ணாமலைப் பல்கலைக்கழகமும் வந்தது.

காலட்சேபப் பந்தல்கள் இன்று குறைந்துவிட்டன. மணல் கொட்டகைகள் நெல் அரவை ஆலைகளாகவும் கல்யாண மண்டபங்களாகவும் மாறிவிட்டன. 'நல்லதம்பி'யின் காலட்சேபத்தை இன்று செல்போனில் பார்க்கலாம். படம் தேய்ந்திருக்கிறது. ஒலி கரகரக்கிறது. ஆனாலும் ரயில் புறப்படுகிற இடம் வந்தால் கால் தானாகத் தாளம் போடும். பக்கத்தில் பிள்ளைகள் இருந்தால் அவர்களையும் கூப்பிட்டுக் காட்டலாம். 'கிந்தன்னா யாரு?' என்று கேட்டால் சொல்வதற்கு ஒரு கதை இருக்கிறது. 'நந்தன்னா யாரு?' என்று கேட்டால் இன்னும் பெரிய கதை இருக்கிறது. இரண்டையும் சேர்த்துச் சொல்வதே நியாயம்.

திருப்புன்கூர் நந்தி இன்றும் விலகியே உட்கார்ந்திருக்கிறது. அங்கிருந்து வைத்தீஸ்வரன்கோவில் ரயில் நிலையம் பக்கம்தான். சிதம்பரம் முப்பது கிலோமீட்டருக்குள். நந்தன் 'நாளைக்கு, நாளைக்கு' என்றே ஏங்கிய அந்தத் தூரத்தைப் பாசஞ்சர் வண்டி ஒரு தூக்கம் போடுவதற்குள் கடந்துவிடுகிறது. நடுவில் கொள்ளிடம் பாலத்தில் சக்கரச் சத்தம் மாறும். புத்தகப் பையை மடியில் வைத்துக்கொண்டு அந்த வண்டியில் சிதம்பரம் போகிற மாணவர்களில் எத்தனை பேர் தங்கள் வீட்டில் முதன்முதலாகக் கல்லூரி வாசலை மிதிப்பவர்கள் என்று யாரும் கேட்பதில்லை.

டிக்கெட் பரிசோதகரும் கேட்பதில்லை. அவருக்கு வேண்டியது டிக்கெட் மட்டும்தான்.